மாடிப்படி ஏறிய காமிரா

படத்துக்குப் பணம் போடுகிறவரும், கத்தரிக்கோல் பிடிக்கிறவரும், கொட்டகைக்குச் சொந்தக்காரரும் ஆகிய மூவரும் சர்க்காரேயாக இருந்த ஒரு தேசத்தில், ஒளிப்பதிவாளன் ஒருவன் தனக்கென்று ஒரு பாணியை வளர்த்துக்கொள்ள இயலுமா என்று ஐயுறுகிறவர்கள், சோவியத் ருஷ்யாவின் செர்கெய் உருசெவ்ஸ்கியினுடைய வாழ்க்கையைச் சற்று நிதானமாக நோக்குவது நலம். 1908-ல் பீட்டர்ஸ்பர்க்கில் பிறந்த அவர் முதலில் கற்றது சினிமாவை அல்ல, சித்திரத்தை. மரச்செதுக்கு ஓவியத்தில் பேரெடுத்த ஃபவோர்ஸ்கியின் மாணாக்கர். கறுப்பையும் வெளுப்பையும் நேருக்கு நேர் மோதவிடும் அந்தக் கலையின் வாசனை, பிற்காலத்தில் அவர் எடுத்த படங்களை விட்டு அகலவே இல்லை. யுத்தகாலத்தில் போர்முனையில் படம் பிடித்தார். காமிராவைக் கையில் ஏந்தி ஓடும் துணிவு அங்கேதான் படிந்திருக்க வேண்டும் என்பது என் ஊகம்.

ஸ்டாலினுடைய கடைசி வருஷங்களில், சில படங்களே எடுப்போம், அவை யாவும் மகா காவியங்களாகவே இருக்கட்டும் என்ற விசித்திரமான கொள்கையால், 1951-ல் அந்தப் பெரிய தேசம் முழுவதிலும் வெளியான கதைப்படங்கள் பத்தைக்கூட எட்டவில்லை. உருசெவ்ஸ்கிக்கு அப்போதும் வேலை இருந்தது. ரெய்ஸ்மானின் 'தங்க நட்சத்திர வீரன்' படத்தில் கூட்டுப்பண்ணை வயல்களைச் சட்டமிட்டு மாட்டிய எண்ணெய்ச் சித்திரங்களைப் போல ஜொலிக்கச் செய்தவர் அவர்தாம். ஸ்டாலின் பரிசையும் இருமுறை பெற்றார். அவரைக் கலகக்காரராக்கிப் பேசும் அபிமானிகள் இதைச் சௌகரியமாக மறந்துவிடுகிறார்கள்.

ஸ்டாலின் மறைந்து கெடுபிடி தளர்ந்தபின், 1957-ல், கலத்தோஸோவின் இயக்கத்தில் 'கொக்குகள் பறக்கின்றன' வந்தது. காதலியைத் தொடர்ந்து கதாநாயகன் போரிஸ் மாடிப்படிகளில் தாவி ஏற, சுழற்படிகளின் நட்டநடுவே காமிராவும் சுழன்றுகொண்டே அவனோடு மேலே மேலே ஏறுகிறது. பின்னர் சேற்று நிலத்தில் குண்டடிபட்டு அவன் சாயும்போது, அவன் கண்ணில் பிர்ச் மரங்களின் உச்சிகள் சுழல, அச்சுழற்சிக்குள் அதே மாடிப்படியும் மறுபடி வந்து கலக்கிறது. வார்த்தை ஒன்றும் வேண்டியிருக்கவில்லை. மறுவருஷம் கான் திரைப்பட விழாவின் தங்கப்பனை விருது அப்படத்துக்குக் கிடைத்தது.

ஆனால் அவருடைய பாணியின் உச்சமும் அதற்கு நேர்ந்த விபத்தும் 1964-ல் வெளிவந்த 'நான் கியூபா'தான். புரட்சிக்குப் பிரசாரம் செய்ய எடுத்த இப்படத்துக்காக, ராணுவத் தேவைக்கென்று தயாரித்த அகச்சிவப்புப் பிலிமைக்கூட வரவழைத்துக்கொண்டார்கள். கறுத்த வானத்தின் கீழ்க் கரும்பும் பனையும் பனி பூத்தாற்போல வெளுத்து நின்றன. மாணவன் ஒருவனின் சவ ஊர்வலத்தில், தெருவிலிருந்து புறப்படும் காமிரா, கட்டடத்தின் பக்கமாக மாடி மாடியாய் உயர்ந்து, சுருட்டு சுற்றும் தொழிலாளர்கள் கொடியை விரிக்கும் அறைக்குள் புகுந்து, எதிர் ஜன்னல் வழியே வெளியேறி, ஜனவெள்ளத்துக்கு மேலே அந்தரத்தில் மிதந்து செல்கிறது. நடுவில் வெட்டு ஒன்றுமில்லை. லாபக் கணக்குப் பார்க்கும் எந்த முதலாளி இதற்குச் சம்மதித்திருப்பார்? கட்டிப்போட்ட அதே சர்க்கார்தான் இந்தத் தாராளத்தையும் அளித்தது.

பிரசாரத்தை அழகு விழுங்கிவிட்டது. ஹவானாவாசிகள் 'நான் கியூபா அல்ல' என்று கேலி பேசினார்கள். மாஸ்கோவிலும் அதை மதிப்பாரில்லை. தாமே இரண்டு படங்களை இயக்கிவிட்டு உருசெவ்ஸ்கி 1974-ல் காலமானபோது 'நான் கியூபா' பெட்டிக்குள்தான் கிடந்தது. அமெரிக்காவைச் சாடுவதற்காகவே எடுத்த அந்தப் படத்தை 1990-களில் தூசி தட்டித் திரைக்குக் கொண்டுவந்தவர்கள், ஸ்கோர்செஸி, கொப்போலா முதலிய அமெரிக்கர்கள்தாம்.