திடலுக்கு வராத படம்

ரெம்பாவ் எஸ்டேட்டில் பால் வெட்டிய என் பாட்டி சினிமா பார்த்ததெல்லாம் திடலில் வெள்ளைத் துணி கட்டித்தான். எல்லாமே மெட்ராஸிலிருந்து வந்தவை. தீபக் குமரன் மேனனின் ‘செம்மண் சாலை’யை (2005) மடிக்கணினியில் போட்டுக் காட்டியபோது, “எங்க லயம் மாதிரியே இருக்கு. ஏன் ஒருத்தரும் ஆட மாட்றாங்க?” என்றார்.

அறுபதுகளின் ரப்பர் தோட்டம். பல்கலைக்கழகம் போக ஆசைப்படும் சாந்தா. இவ்வளவுதான் கதை. இதைச் சொல்ல ஏன் 2005 வரை ஆனது? ஃபிலிமின் கணக்கைப் பார்த்தால் புரியும். 400 அடி 35 எம்.எம். சுருள் சுமார் நாலரை நிமிடம் ஓடும். அப்புறம் கழுவ, பிரதி எடுக்க என்று தனிச் செலவு. மினி டிவி கேசட் ஒரு மணி நேரம் ஓடும், சொதப்பினால் அதிலேயே திரும்ப எடுக்கலாம். 2000-இல் அமீர் முகமட் ‘லிப்ஸ் டு லிப்ஸ்’ படத்தை டிஜிட்டலில் எடுத்தார். பிறகு அவரும் ஜேம்ஸ் லீ, டான் சுய் மூய், லியூ செங் டாட் ஆகியோரும் சேர்ந்து ‘டா ஹுவாங் பிக்சர்ஸ்’ தொடங்கினார்கள். கம்பத்து கோத்தோங் ரோயோங் மாதிரிதான்: இன்றைக்கு என் படத்தில் நீ, நாளைக்கு உன் படத்தில் நான்.

அந்தக் காலத்துப் படங்களின் நீண்ட, அசையாத காட்சிகளை அழகியல் என்று சிலாகிக்கிறோம். டிராலிக்குக் காசில்லாதவன் வேறெப்படி எடுப்பான்? (என் நண்பன் இதை ஒத்துக்கொள்ள மாட்டான்.)

எனக்கு வருத்தம் வேறு. கேமரா மலிவான நேரத்தில் தோட்டங்கள் காலியாகிக்கொண்டிருந்தன. பாட்டியின் லயம் இருந்த இடத்தில் இப்போது செம்பனை. கடைசியில் எடுத்த படத்துக்கும் சொந்த ஊரில் மரியாதை இல்லை. மலாய் மொழியில் இல்லாததால் உள்நாட்டுப் படங்களுக்கான கேளிக்கை வரிச் சலுகை ‘செம்மண் சாலை’க்குக் கிடைக்கவில்லை. மலேசியாவில், மலேசியர்கள், மலேசியத் தோட்டத்தைப் பற்றி எடுத்த படம்!

2016-இல் மலேசியத் திரைப்பட விழாவில் அதே பிரச்சினை மறுபடி வந்தது. சஞ்சய் குமார் பெருமாளின் ‘ஜகாட்’டை மலாய் அல்லாத படங்களுக்கான பிரிவில் ஒதுக்கினார்கள். திரைத்துறைக்குள்ளிருந்தே எதிர்ப்பு கிளம்பிய பிறகு விதி மாறியது. சிறந்த மலேசியத் திரைப்படம் விருது ‘ஜகாட்’டுக்கே வந்தது. மலாய் ‘ஜாஹாட்’டை நம் நாக்கு உருட்டிய சொல் அது. தோட்டம் கலைந்த பிறகு, தொண்ணூறுகளில் வளரும் அப்போய் என்ற பையனின் கதை.

பாட்டிக்கு அதையும் போட்டுக் காட்டலாம் என்று நினைத்தேன். அவர் ‘செம்மண் சாலை’யையே இன்னொரு தரம் போடச் சொன்னார். இந்த முறை சாந்தாவைக் கவனித்த மாதிரி தெரியவில்லை. பின்னால் நின்ற மரங்களைக் காட்டி, “இதெல்லாம் இன்னும் பத்து வருஷம் பால் குடுக்கும்” என்றார்.