வேள்வித் தீயும் கோயில் மணியும்



இங்குள்ள பாடசாலைப் புத்தகங்களில் பழைய இந்தியாவைப் பற்றி வரும் பக்கத்தில் ஒரு சொல் இருக்கிறது: 'பிரமனேசிமோ'. அதிலிருந்து 'இந்துயிஸ்மோ' பிறந்தது, அதில் நான்கு சாதிகள் என்று நாலு வரியில் கதை முடிந்துவிடும். லிபெர்த்தாப் பக்கம் வேலைக்கு வந்துபோகும் ஒரு தாய் என்னை மறித்துக் கேட்டார்: "நாங்கள் சைவம் எண்டு சொல்லித்தானே பிள்ளையை வளர்த்தனாங்கள். இப்ப அவள் 'அம்மா, நாங்கள் பிரமனேசிமோவா' எண்டு கேட்கிறாள். நான் என்னத்தைச் சொல்ல?"

நியாயமான கேள்வி. இந்த மாதப் பேச்சு அதற்காகத்தான்.

முதலில் பெயரைப் பார்ப்போம். பிராமணியம், இந்து சமயம் என்ற இரண்டு பெயரையும் அந்த வழிபாட்டைத் தொடக்கியவர்கள் சூட்டவில்லை. 'இந்து' என்பது சிந்து நதியின் பெயரைப் பாரசீகர் உச்சரித்த விதம். அதைச் சமயத்தின் பெயராக்கி 19ஆம் நூற்றாண்டில் நிலைநிறுத்தியதில் ஐரோப்பியருக்குப் பெரிய பங்குண்டு. வேதகாலத்து வேள்விச் சமயத்தைப் பின்னால் வந்த கோயில் சமயத்திலிருந்து பிரித்துக் காட்ட அறிஞர்கள் வைத்த பெயர்தான் பிராமணியம்.

அந்த வேள்விச் சமயத்தின் மூத்த நூல் இருக்கு வேதம். 10 மண்டலங்கள், 1028 பாடல்கள். ஏறக்குறைய கி.மு. 1500க்கும் 1000க்கும் இடையில் வடமேற்கு இந்தியாவில், பஞ்சாப் பக்கத்தில் பாடப்பட்டவை என்பது பெரும்பாலான அறிஞர்களின் கணிப்பு. எழுதி வைக்கப்படவில்லை, வாயால் சொல்லிக் காதால் கேட்டு, எழுத்துப் பிசகாமல் காப்பாற்றினார்கள். எங்கள் பிள்ளைகளை ஒரு தேவாரம் பாடமாக்க வைக்க நாங்கள் படும் பாட்டை நினைத்தால் அந்தச் சாதனை விளங்கும்.

அந்தச் சமயத்தில் கோயில் இல்லை. சிலையும் இல்லை. வெளியில் ஒரு இடத்தைத் துப்புரவாக்கி, செங்கல்லால் மேடை கட்டி, தீ வளர்த்து, நெய்யும் தானியமும் சோமச் சாறும் பலியிட்ட மிருகத்தின் பாகமும் அதில் சொரிவார்கள். தீயாகிய அக்கினி அதைத் தேவர்களிடம் கொண்டுபோய்ச் சேர்ப்பான். பதிலுக்கு மழை, மாடு, பிள்ளை, வெற்றி. வேள்வி முடிந்ததும் அந்த இடத்தை விட்டுப் போய்விடுவார்கள். அங்கே பெரிய தெய்வம் இந்திரன். விஷ்ணுவுக்கும், பிற்காலத்தில் சிவனோடு ஒன்றாக்கப்பட்ட உருத்திரனுக்கும் உரிய பாடல்கள் ஒரு சிலதான். பிள்ளையார் என்று நாங்கள் கும்பிடும் யானைமுகக் கடவுள் அங்கே இல்லவே இல்லை.

அக்ரிஜெந்தோவுக்குப் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போனவர்களுக்கு ஒன்று ஞாபகமிருக்கும்: கிரேக்கர் பலி கொடுத்த மேடை கோயிலுக்கு உள்ளே அல்ல, வெளியே வெட்டவெளியில் இருக்கிறது. வேதத்தின் மொழியும் கிரேக்கமும் இலத்தீனும் ஒரே மொழிக் குடும்பம். இதை முதலில் கவனித்து எழுதியவர்களில் ஒருவர் இத்தாலியர். பிலிப்போ சசேத்தி என்ற புளோரன்ஸ் வணிகர் 1580களில் கோவாவிலிருந்து ஊருக்கு எழுதிய கடிதங்களில், அந்த நாட்டுப் பண்டிதர் மொழியில் கடவுளுக்கும் பாம்புக்கும் சில எண்களுக்கும் உள்ள சொற்கள் தன் மொழியைப் போலவே இருக்கின்றன என்று வியந்தார். உங்கள் பிள்ளைகளிடம் சொல்லிப் பாருங்கள்: 'செத்தெ' - சப்த, 'ஒத்தோ' - அஷ்ட, 'நோவெ' - நவ, 'தியோ' - தேவ. வில்லியம் ஜோன்ஸ் கல்கத்தாவில் இதைப் பற்றிப் பேசிய 1786க்கு ஏறத்தாழ இருநூறு ஆண்டுகள் முந்திய சங்கதி இது. எங்கள் ஏழு, எட்டு, ஒன்பது வேறு குடும்பம் என்பதையும் சேர்த்தே சொல்லிவிடுங்கள்.

காலம் போகப் போக வேள்வி பெருத்தது. செலவும் பெருத்தது. வேதத்தைச் சரியாக ஓதத் தெரிந்தவனுக்கே எல்லா அதிகாரமும் என்றானது. அப்போதுதான் உபநிடதங்கள் எழுந்தன. வெளியே எரியும் தீயை விட்டு உள்ளே பார்க்கச் சொன்னார்கள்: எல்லாவற்றுக்கும் ஆதாரமான பிரமம், ஒவ்வொருவருக்குள்ளும் இருக்கும் ஆன்மா, இரண்டும் வேறல்ல என்றார்கள். செய்த வினையே அடுத்த பிறவியைத் தீர்மானிக்கும் என்ற கொள்கையும் இங்கேதான் வெளிப்படுகிறது. பிருகதாரணியக உபநிடதத்தில் ஆர்த்தபாகன் என்பவன், செத்தபின் மனிதனுக்கு என்ன ஆகிறது என்று யாக்ஞவல்கியரைக் கேட்கிறான். இதைச் சபையில் பேசக்கூடாது என்று அவர் அவனைக் கைபிடித்துத் தனியே கூட்டிப்போகிறார். பேசியது வினையைப் பற்றி. இன்னொரு இடத்தில் ஓர் அரசனிடம் பிராமணர் ஒருவர் மாணவனாகப் போகிறார். இந்த அறிவு இதுவரை எந்தப் பிராமணனிடமும் இருந்ததில்லை என்கிறான் அரசன். அந்த நூல்களே மறைக்காமல் சொல்லும் செய்தி இது. புத்தரும் மகாவீரரும் வேள்வியை மறுத்துப் பேசியது இதே காலச் சூழலின் தொடர்ச்சி.

சரி, இது தமிழரிடம் எப்படி வந்தது?

சங்கப் பாடல்களைப் பார்த்தால் இரண்டும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கின்றன. ஒரு புறம் நடுகல்லுக்குக் கள் படைக்கிறார்கள், கொற்றவையை வணங்குகிறார்கள், வேலன் வெறியாடுகிறான். மறு புறம் பாண்டியன் முதுகுடுமிப் பெருவழுதிக்குப் பட்டமே 'பல்யாகசாலை'. சோழன் பெருநற்கிள்ளி இராசசூயம் வேட்டவன். காரிகிழார் என்ற புலவர் முதுகுடுமிக்குச் சொல்லும் அறிவுரையில், உன் குடை முக்கண் கடவுளின் கோயிலை வலம்வரத் தாழட்டும், உன் தலை நான்மறை ஓதும் அந்தணர் முன் தாழட்டும் என்கிறார். கோயிலும் வேதமும் ஒரே மூச்சில் வருகின்றன. திருமுருகாற்றுப்படை இன்னும் தெளிவு. ஏரகத்தில் அந்தணர் ஈர உடையோடு ஆறெழுத்தை ஓதி முருகனை வணங்குகிறார்கள். மலைநாட்டில் அதே முருகனுக்கு ஆட்டுக் குருதியில் பிசைந்த அரிசியைப் படைக்கிறார்கள். புலவர் இரண்டையும் குறை சொல்லாமல் பாடிவிட்டுப் போகிறார்.

இந்த வரவில் நிலமும் இருந்தது என்பதற்கு வேள்விக்குடிச் செப்பேடு சாட்சி. கொற்கைகிழான் நற்கொற்றன் என்பவர் வேள்வியொன்றை நிறைவேற்ற, முதுகுடுமிப் பெருவழுதி அந்த ஊரையே அவருக்குக் கொடுத்தான். அதனால் ஊருக்குப் பெயர் வேள்விக்குடி. பின்னர் களப்பிரர் வந்து அதைப் பறித்தார்கள். நூற்றாண்டுகள் கழிந்து, 8ஆம் நூற்றாண்டில் பாண்டியன் நெடுஞ்சடையன் மதுரையில் ஆண்டபோது, நற்சிங்கன் என்ற வழித்தோன்றல் அரசன் முன் வந்து முறையிட்டார். பழைய உரிமையைக் காட்டு என்றான் அரசன். அவர் காட்டினார், ஊர் திரும்பக் கிடைத்தது. காணி உறுதியைப் பெட்டிக்குள் வைத்துக்கொண்டு ஊரைவிட்டு வந்த எங்களில் பலருக்கு அந்த நற்சிங்கனின் மனநிலை விளங்காமல் போகாது. ஆனால் இடையில் அந்த நிலத்தை உழுதவர்கள் யார், அவர்களுக்கு என்ன ஆனது என்பதையும் நான் கேட்பேன்.

நாங்கள் இன்று கும்பிடும் முறை முழு உருவம் எடுத்தது பல்லவர், பாண்டியர், சோழர் காலத்தில். தீயின் இடத்தில் திருவுருவம், வேள்விச்சாலையின் இடத்தில் கற்கோயில், வேதத்தோடு ஆகமம். 7ஆம் நூற்றாண்டில் திருக்கோணமலையையும் திருக்கேதீச்சரத்தையும் பாடிய சம்பந்தர் வேதியர் குலம். அவரோடு யாழ் வாசித்துப் போனவர் பாணர் குலத்துத் திருநீலகண்ட யாழ்ப்பாணர். அப்பரோ கோத்திரமும் குலமும் கொண்டு என்ன செய்வீர்கள் என்று வெளிப்படையாகவே கேட்டார்.

சாதி விடயத்துக்கும் வந்தாக வேண்டும், பிள்ளைகள் அதைத்தான் முதலில் கேட்கிறார்கள். நான்கு வருணம் என்பது இருக்கு வேதத்தின் கடைசி மண்டலத்தில் வரும் புருஷ சூக்தத்தில் இருக்கிறது. பிந்திச் சேர்ந்த பாடல் என்பர். அதற்கும் யாழ்ப்பாணத்து நடைமுறைக்கும் தூரம் அதிகம். எங்கள் ஊரில் சத்திரியர் எங்கே, வைசியர் எங்கே? 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயிலுக்குள் தாழ்த்தப்பட்ட மக்கள் போக முயன்றபோது, முன்னணியில் நின்று மறித்தவர் பிராமணர் அல்லர், முன்னாள் அமைச்சர் சி. சுந்தரலிங்கம். பழியை முழுக்க 'பிரமனேசிமோ'வின் தலையில் போட்டுவிட்டு நாங்கள் கை கழுவ முடியாது.

ஆகவே அந்தத் தாய்க்கு நான் சொன்னது இதுதான். வேதமும் வினைக் கொள்கையும் எங்கள் சமயத்தின் ஒரு கிளையாறு. ஊரில் தெய்வமேறி ஆடியதும், அம்மனுக்குப் பொங்கியதும், தேவாரமும் மற்றக் கிளையாறுகள். பிள்ளை பாடசாலையில் 'இந்துயிஸ்மோ' என்று சொன்னால் பிழையில்லை. 2012 டிசம்பர் 31ஆம் திகதிய 246ஆம் இலக்கச் சட்டத்தில் இத்தாலிய அரசு அந்தப் பெயரில்தான் எங்கள் சமயத்தை ஏற்று, தீபாவளியையும் பண்டிகையாக ஒப்புக்கொண்டிருக்கிறது. சைவம் என்று விளக்கிச் சொன்னால் இன்னும் நல்லது.

ஆசிரியர் மேலும் கேட்டால் தொண்டைமானாறு செல்வச் சந்நிதியைப் பற்றிச் சொல்லட்டும். அங்கே பூசை செய்பவர் பிராமணர் அல்லர். வேத மந்திரமும் இல்லை. பூசகர் வாயைத் துணியால் கட்டிக்கொண்டு, ஒன்றும் பேசாமல் முருகனுக்குத் தீபம் காட்டுவார்.