உட்காரலாம், வாக்களிக்கக் கூடாது

1889 ஜனவரியில் லண்டன் கவுண்டி மன்றத்துக்கு முதல் தேர்தல் நடந்தது. கிழக்கு லண்டனின் போ–பிராம்லி தொகுதியில் ஜேன் காப்டன் வென்றார். ஆறு மாதங்களுக்கு முன்புதான் போவில் தீப்பெட்டித் தொழிற்சாலைப் பெண்கள் வேலைநிறுத்தம் செய்திருந்தார்கள். பிரிக்ஸ்டனில் சாண்ட்ஹர்ஸ்ட் சீமாட்டி வென்றார். ஏழைகளின் குடியிருப்புகளுக்காக உழைத்த எம்மா கான்ஸை மன்றமே மூத்த உறுப்பினராகத் தேர்ந்தெடுத்தது.

சாண்ட்ஹர்ஸ்டிடம் தோற்ற பெரெஸ்ஃபோர்டு ஹோப் நீதிமன்றம் போனார். வழக்கு ஒரு பிரதிப்பெயரைச் சுற்றியே நடந்தது. தமிழில் 'அவர்' என்று எழுதினால் இருபாலரும் அதில் அடங்குவர். ஆங்கிலச் சட்டமோ ஆண்பாலில் பேசியது. வாக்குரிமை தொடர்பான இடங்களில் மட்டும் ஆண்பாற்சொல் பெண்ணையும் குறிக்கும் என்று 1882ஆம் ஆண்டு நகராட்சிச் சட்டம் சொன்னது. அப்படியானால் போட்டியிடும் உரிமை பெண்ணுக்கு இல்லை என்று நீதிபதிகள் பொருள்கொண்டார்கள். பெண்ணுக்கு வாக்குரிமை தந்த வரியே அவளை வெளியேற்றவும் பயன்பட்டது. மேல்முறையீடும் தோற்றது. சாண்ட்ஹர்ஸ்டின் இடம் ஹோப்புக்குப் போனது.

காப்டனின் வெற்றியை எதிர்த்து யாரும் வழக்குப் போடவில்லை. பன்னிரண்டு மாதங்களுக்குள் எதிர்க்கப்படாத தேர்தல் செல்லும் என்றொரு விதி இருந்தது. அதை நம்பி அவரும் கான்ஸும் மன்ற நடவடிக்கைகளிலிருந்து ஒதுங்கி, 1890 பிப்ரவரி வரை காத்திருந்தார்கள். பின்பு வந்து வாக்களித்தார்கள். உடனே மன்ற உறுப்பினர் சர் வால்டர் டி சூசா வழக்குத் தொடுத்தார். தகுதியற்றவர் உறுப்பினராகச் செயல்பட்டார் என்பதே குற்றச்சாட்டு. காப்டனுக்கு 250 பவுண்டு அபராதம் விதிக்கப்பட்டது. 1891இல் மேல்முறையீட்டில் அது 5 பவுண்டாகக் குறைந்தது.

தொகை குறைந்ததே தவிர தீர்ப்பு மாறவில்லை. அவருடைய தேர்தல் செல்லும்; அவர் உறுப்பினர்தான்; ஆனால் உறுப்பினராகச் செயல்பட்டால் தண்டனை உண்டு. 1892இல் பதவிக்காலம் முடியும்வரை வாக்களிக்க முடியாத உறுப்பினராகவே அவர் இருந்தார். அவரைத் தேர்ந்தெடுத்த போ மக்களின் வாக்கும் அத்தோடு ஊமையானது.

காப்டனைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் சுதந்திர வணிகத்துக்காகப் போராடிய ரிச்சர்டு காப்டனின் மகள் என்றும், பதிப்பாளர் ஃபிஷர் அன்வினின் மனைவி என்றும் தொடங்குகிறார்கள். இந்த மூன்று ஆண்டுகள் அவருடையவை. ஒரு பெண்ணை உள்ளே விட்டுவிட்டு அவள் கையை மட்டும் கட்டிவைப்பது எப்படி என்பதை அந்த ஆண்டுகள் தெளிவாகக் காட்டுகின்றன. பெண்களும் கவுண்டி மன்றங்களில் அமரலாம் என்ற சட்டம் 1907இல்தான் வந்தது.

எந்த அவையின் வரலாற்றைப் படித்தாலும் அங்கே எத்தனை பெண்கள் இருந்தார்கள் என்று எண்ணுகிறோம். அவர்களில் எத்தனை பேரால் கை உயர்த்த முடிந்தது என்பதையும் சேர்த்தே எண்ண வேண்டும்.