மூன்று மாதம் என்றால் மூன்று மாதமா?

அஜய் குமார் சௌத்ரி வழக்கில் உச்ச நீதிமன்றம் 2015 பிப்ரவரி 16 அன்று தீர்ப்பளித்தது. எழுதியவர் நீதிபதி விக்ரமஜித் சென். சஸ்பென்ஷனில் இருக்கும் அரசு ஊழியர்கள் பலருக்கும் அதில் ஒரு வரி மனப்பாடம்: "மூணு மாசத்துக்கு மேல வைக்கக் கூடாது." அந்த வரி தீர்ப்பில் அப்படித் தனித்து நிற்கவில்லை. முன்னும் பின்னும் நிபந்தனைகள் உண்டு. கட்டளைப் பத்தியைத் துண்டு துண்டாகப் பார்ப்போம். கருத்து தீர்ப்பினுடையது, தமிழ் என்னுடையது.

வழக்குத் தொடுத்தவர் காஷ்மீரில் பாதுகாப்புத் துறை நிலங்களைக் கவனித்த அதிகாரி. சுமார் நான்கு ஏக்கருக்குத் தவறான தடையின்மைச் சான்று கொடுத்தார் என்பது புகார். 2011 செப்டம்பர் 30 அன்று சஸ்பெண்ட் செய்யப்பட்டார். பிறகு நீட்டிப்புக்கு மேல் நீட்டிப்பு.

முதல் துண்டு: மூன்று மாதத்துக்குள் குற்றக் குறிப்பாணை தரப்படாவிட்டால், சஸ்பென்ஷன் அதற்கு மேல் நீளக் கூடாது.

இதன் உயிர் 'தரப்படாவிட்டால்' என்ற சொல்லில் இருக்கிறது. கெடு விசாரணைக்கு அல்ல, குற்றச்சாட்டைச் சொல்லும் அந்த மெமோவுக்குத்தான். தமிழ்நாட்டு அலுவலகங்களில் '17(பி)' என்றாலே விளங்கும் அந்தத் தாள் 89-ஆம் நாள் கைக்கு வந்துவிட்டால், இந்தத் துண்டு உங்களுக்கு உதவாது.

மூன்று மாதக் கணக்கு அன்றைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 167-ஆம் பிரிவிலிருந்து எடுக்கப்பட்டது. கொலை வழக்கில்கூட 90 நாளுக்குள் குற்றப்பத்திரிகை வராவிட்டால் கைதிக்கு ஜாமீன் உரிமை வந்துவிடுகிறது. அப்படியிருக்க, என்ன குற்றம் என்றே சொல்லாமல் ஒரு ஊழியரை எத்தனை நாள் வெளியே நிறுத்துவது என்று நீதிமன்றம் யோசித்தது. பொருத்தமில்லாத ஒப்பீடு என்பவர்கள் உண்டு. எனக்கு அது மிகச் சரியாகவே படுகிறது. சஸ்பென்ஷன் தண்டனை அல்ல என்கிறது சட்டம். ஆனால் அனுமதியின்றித் தலைமையிடத்தை விட்டு நகர முடியாது. வேறு வேலையிலோ தொழிலிலோ இல்லை என்று எழுதிக் கையெழுத்திட்டால்தான் பிழைப்பூதியம். அந்தத் தாளை, நேற்றுவரை தனக்குக் கீழே இருந்த எழுத்தரிடம், தன் பழைய மேசையைத் தாண்டிப் போய்க் கொடுக்க வேண்டியிருக்கும். தண்டனை அல்ல என்று அந்த நேரத்தில் அவரிடம் யார் சொல்வது?

இரண்டாம் துண்டு: மெமோ தரப்பட்டிருந்தால், நீட்டிக்கக் காரணம் காட்டி ஆணையிட வேண்டும்.

பலரும் தாண்டிப் போய்விடும் இடம் இது. என் பார்வையில் தீர்ப்பின் முழுப் பலமும் இங்கேதான். 'பொது நலன் கருதி' என்று பழைய ஆணையிலிருந்து பெயர்த்து எழுதுவது காரணம் ஆகாது. இவர் திரும்பி வந்தால் எந்தச் சாட்சி கலையும், எந்தக் கோப்பு கெடும் என்று சொல்ல வேண்டும். மத்திய அரசு ஊழியர்களுக்கு இதைவிடக் கறாரான பாதுகாப்பு விதியிலேயே உண்டு: 1965-ஆம் ஆண்டு விதிகளில் 10-ஆம் விதிப்படி, 90 நாள் முடியுமுன் மறு ஆய்வு செய்து நீட்டிக்காவிட்டால் ஆணை செல்லாது. பிறகும் ஒரு தடவைக்கு 180 நாளுக்கு மேல் நீட்டிக்க முடியாது. தவறவிட்ட மறு ஆய்வைப் பின்னால் செய்து ஆணைக்கு உயிர் கொடுக்க முடியாது என்று தீபக் மாலி வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்த்துவிட்டது.

மூன்றாம் துண்டு: சாட்சிகளிடம் நெருங்காதபடி ஊழியரை வேறு அலுவலகத்துக்கு, வேறு மாநிலத்துக்குக்கூட, மாற்றலாம்.

'வந்தால் ஆதாரத்தைக் கலைப்பார்' என்ற வழக்கமான வாதத்துக்கு இது பதில். வேலை வாங்காமல் பிழைப்பூதியம் கொடுப்பதைவிட வேலை வாங்கிக்கொண்டு சம்பளம் கொடுப்பது அரசுக்கும் நல்லது. 2018-ல் தமிழக ஐ.பி.எஸ். அதிகாரி ஒருவரின் வழக்கில், ஆறு ஆண்டுக்கு மேல் நீண்ட சஸ்பென்ஷனால் இனிப் பயனில்லை, முக்கியத்துவமற்ற பதவி ஒன்றில் அமர்த்தலாம் என்று உச்ச நீதிமன்றம் கூறியது இதே வழியில்தான்.

குற்ற விசாரணை முடியும்வரை துறை விசாரணையை நிறுத்திவை என்ற மத்திய ஊழல் கண்காணிப்பு ஆணையத்தின் அறிவுறுத்தலும் இந்தத் தீர்ப்போடு போயிற்று.

ஆனால் மூன்று மாதம் முடிந்த மறுநாளே வேலைக்குப் போய்விடலாம் என்று நம்ப வேண்டாம். சஸ்பென்ஷன் தானாகவே காலாவதியாகிவிடாது, அந்தந்த வழக்கின் தன்மையைப் பார்க்க வேண்டும் என்று 2022-ல் சென்னை உயர் நீதிமன்ற முழு அமர்வு சொல்லிவிட்டது. இதில் எனக்கு வருத்தம் உண்டு. நீதிமன்றப் படியேற வக்கீலும் பணமும் வேண்டும். பாதிச் சம்பளத்தில் குடும்பம் நடத்துகிறவரிடம் இரண்டும் இருக்காது. ஆனாலும் மறு ஆய்வு கோரி எழுதும் மனுவில் இரண்டாம் துண்டைச் சுட்டிக் காரணம் கேட்பதை எந்த அமர்வும் தடுக்கவில்லை.

தீர்ப்பின் கடைசியில் அஜய் குமார் சௌத்ரியைப் பற்றியும் சில வரிகள் வருகின்றன. அதற்குள் அவருக்குக் குற்றக் குறிப்பாணை வந்துவிட்டதால் இந்தக் கட்டளைகள் இனி அவருக்குப் பொருந்தாமல் போகலாம். வேண்டுமானால் சஸ்பென்ஷன் தொடர்வதை எதிர்த்து அவர் தனியே வழக்காடலாம். அன்று அவர் சஸ்பென்ஷனில் மூன்று ஆண்டும் நான்கு மாதமும் கழித்திருந்தார்.