நள்ளிரவு தாண்டி 32 நிமிடம்

பள்ளி நாட்களில் ராஜேஷ்குமார் நாவல்களைக் கடைசி இரண்டு பக்கங்களிலிருந்து படிக்கும் கெட்ட பழக்கம் எனக்கு. கொலைகாரன் யாருன்னு தெரிஞ்சா போதும், மனசு ஆறிடும். அர்ஜென்டினா எழுத்தாளர் ரொடோல்போ வால்ஷைப் படித்தபோதுதான் அந்தப் பழக்கம் போனது.

அவரும் முதலில் அப்படி முடியும் கதைகளைத்தான் எழுதினார். 1953இல் துப்பறியும் கதைத் தொகுப்பு, அதற்கொரு பரிசு, மற்ற நேரம் சதுரங்கம். 1955இல் அதிபர் பெரோனைக் கவிழ்த்த ராணுவத்தை ஆதரித்தவர் என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

1956 ஜூன் 9 இரவு பெரோன் ஆதரவாளர்கள் கிளர்ச்சி செய்து தோற்றார்கள். ஆறு மாதம் கழித்து லா பிளாட்டா நகரக் காபிக்கடை ஒன்றில் வால்ஷுக்கு ஒரு தகவல் வந்தது. அன்று சுடப்பட்டவர்களில் ஒருவன் உயிரோடு இருக்கிறானாம். தேடிப்போனார். முகத்தில் குண்டு துளைத்த தழும்போடு எதிரே உட்கார்ந்திருந்தார் ஹுவான் கார்லோஸ் லிவ்ராகா.

அதன்பின் பொய்ப் பெயர், பொய் அடையாள அட்டை, இடுப்பில் துப்பாக்கி. கூடவே என்ரிகெட்டா முனிஸ் என்ற இளம் பத்திரிகையாளர். புறநகர் வீடொன்றில் கூடியிருந்தவர்களைப் போலீஸ் அள்ளிக்கொண்டு போயிருக்கிறது. கிளர்ச்சி பற்றித் தெரிந்தவர்களும் அங்கே இருந்தார்கள்; வானொலியில் குத்துச்சண்டை கேட்க வந்தவர்களும் இருந்தார்கள். விடியுமுன் பன்னிரண்டு பேரைக் குப்பைமேட்டுக்குக் கொண்டுபோய்ச் சுட்டார்கள். ஐந்து பேர் செத்தார்கள். தப்பியவர் ஒருவர் என்று தொடங்கிய கணக்கு ஏழானது.

எனக்குப் பிடித்த இடம் வானொலி நிலையப் பதிவேடு. ராணுவச் சட்டம் அறிவிக்கப்பட்டது ஜூன் 10, நள்ளிரவு 12.32க்கு. இவர்களைப் பிடித்ததோ 9ஆம் தேதி, நள்ளிரவுக்கு முன்பு. இல்லாத சட்டத்தை எப்படி மீறுவது? ஒரு கடிகாரத்தை வைத்து அரசின் மொத்த வாதத்தையும் உடைத்துவிட்டார். துப்பறியும் கதையென்றால் இங்கே திரை விழுந்திருக்கும்.

விழவில்லை. பெரிய பத்திரிகைகள் தொடவே இல்லை. சிறு பத்திரிகைகளில்தான் வந்தது. 'ஆபரேசியோன் மசாக்ரே' 1957இல் நூலானது. ட்ரூமன் கபோட்டியின் புகழ்பெற்ற கொலைநூல் வர இன்னும் ஒன்பது ஆண்டுகள் இருந்தன. உச்ச நீதிமன்றம் வழக்கை ராணுவ நீதிமன்றத்திடமே தள்ளிவிட்டது. சுட உத்தரவிட்ட போலீஸ் தலைவர் தண்டிக்கப்படவில்லை. வால்ஷ் புதுப் பதிப்புகளுக்கு முன்னுரையையும் பின்னுரையையும் மாற்றி எழுதினார். முதலில் நீதி கிடைக்குமென்று நம்பியவர், 1969 பதிப்பில் அந்த நம்பிக்கையையே கைவிட்டார். நான் அந்த முன்னுரைகளைத்தான் திரும்பத் திரும்பப் படிக்கிறேன்.

பின்னர் மொன்டொனேரோஸ் ஆயுத இயக்கத்தில் உளவுப் பணி. அந்தத் தேர்வோடு எனக்கு உடன்பாடில்லை. 1976இல் ராணுவம் மறுபடி ஆட்சியைப் பிடித்தது. அவர் மகள் ராணுவத்தோடு நடந்த மோதலில் இறந்தார். 1977 மார்ச் 24 தேதியிட்டு ஆட்சியாளர்களுக்கு ஒரு பகிரங்கக் கடிதம் எழுதினார். மறுநாள் அதன் பிரதிகளைத் தபாலில் சேர்த்த கையோடு, புவனோஸ் ஐரிஸ் தெருவில் கடற்படையின் ஆட்கள் அவரைச் சுட்டார்கள்.

அந்த வழக்கில் 2011இல் தீர்ப்பு வந்தது, ஆயுள் தண்டனைகளோடு. உடல் மட்டும் கிடைக்கவில்லை.