வினா கேட்ட விதூஷகன்: க்ரௌச்சோ மார்க்ஸின் தொலைக்காட்சிக் காலம்

க்ரௌச்சோ மார்க்ஸின் கலையை மதிப்பிடுவோர் அவர் சகோதரர்களுடன் நடித்த திரைப்படங்களையே அளவுகோலாகக் கொள்கின்றனர். 'யூ பெட் யுவர் லைஃப்' என்னும் வினாடி வினா நிகழ்ச்சியை அவர் நடத்திய ஆண்டுகள், புகழ் ஓய்ந்த நடிகர் பிழைப்புக்குப் பார்த்த வேலையாகவே பெரும்பாலும் கருதப்படுகின்றன. இம்மதிப்பீடு தவறானது. திரைப்படம் தராத ஒன்றை வினாடி வினா அவருக்குத் தந்தது: தமக்கென எழுதிய வசனம் இல்லாத எதிராளி. அந்த எதிராளியின் முன்னால்தான் அவருடைய கலை முதிர்ந்தது.

நியூயார்க்கில் 1890இல் பிறந்த க்ரௌச்சோ, சிறு வயதிலேயே பல்சுவை மேடைகளில் ஏறியவர். 'டக் சூப்' (1933), 'எ நைட் அட் தி ஆப்பெரா' (1935) ஆகிய படங்கள் அவருக்கு அழியாப் புகழ் தந்தன. ஆனால் 1940களில் திரை வாய்ப்புகள் சுருங்கின. வானொலி முயற்சிகளும் நிலைக்கவில்லை. எழுதியதை ஒலிவாங்கி முன் படிக்க வைத்த அந்த நிகழ்ச்சிகளில் அவருடைய வேகத்துக்கு இடமில்லை. 1947இல் ஒரு வானொலி நிகழ்ச்சியில் அவரும் பாப் ஹோப்பும் எழுத்துப்படியை விட்டு விலகி வாய்க்கு வந்தபடி பேசியதைத் தயாரிப்பாளர் ஜான் கெடல் கண்டார். அதே ஆண்டு அக்டோபரில் 'யூ பெட் யுவர் லைஃப்' ஏபிசி வானொலியில் தொடங்கியது. 1950இல் என்பிசி தொலைக்காட்சிக்கு வந்து 1961 வரை நீடித்தது.

நிகழ்ச்சியின் அமைப்பே நம் வாதத்துக்கு முதற்சான்று. போட்டியாளர்கள் இருவர் இருவராக வருவர். முதலில் உரையாடல், கேள்விகள் அதற்குப் பிறகுதான். தொடக்க ஆண்டுகளில் ஓர் இணை 20 டாலரை வைத்துப் பந்தயம் கட்டும். நான்கு கேள்விகளுக்கும் முழுத் தொகையைப் பணயம் வைத்து வென்றாலும் 320 டாலர்தான். பேச்சின் நடுவே ஒரு குறிப்பிட்ட அன்றாடச் சொல் வாய்தவறி வந்துவிட்டால், மீசையும் கண்ணாடியும் சுருட்டுமாக க்ரௌச்சோவின் சாயலில் செய்த வாத்துப் பொம்மை மேலிருந்து இறங்கி 100 டாலர் தரும். எல்லாவற்றையும் இழந்தவரிடமும், ஜெனரல் கிராண்டின் கல்லறையில் யார் இருக்கிறார் என்பது போன்ற, தோற்கவே முடியாத கேள்வி ஒன்று கேட்கப்படும். அறிவைச் சோதிப்பது இங்கே நோக்கமன்று. ஆட்களைப் பேச வைப்பதே நோக்கம்.

திரைப்படங்களில் க்ரௌச்சோ மதிப்புக்குரியவர்களைக் கவிழ்த்தார். மார்கரெட் டூமாண்ட் ஏற்ற சீமாட்டி வேடங்கள் அதற்கென்றே வார்க்கப்பட்டவை. தொலைக்காட்சியில் மதிப்புக்குரிய நாற்காலி அவருக்கே கிடைத்தது. மையால் தீட்டிய மீசைக்குப் பதில் உண்மை மீசை. குனிந்த விரைநடைக்குப் பதில் ஓரிடத்தில் அமர்ந்த நிலை. கவிழ்க்கப்பட வேண்டியவர் இப்போது அவரே. 1953இல் டெக்சஸைச் சேர்ந்த பெட்ரோ கொன்சாலெஸ் கொன்சாலெஸ் போட்டியாளராக வந்தார். நாம் இருவரும் சேர்ந்து மேடையேறினால் அதற்கு என்ன பெயர் வைப்போம் என்று க்ரௌச்சோ கேட்க, அவர் தம் இரட்டைப் பெயரை முன்னிறுத்தி 'மார்க்ஸ்' என்பதைக் கடைசியில் சேர்த்தார். ஆட்கள் இரண்டே பேர், அதில் தமக்கு மூன்றாம் இடமா என்று க்ரௌச்சோ அங்கலாய்த்தார். சிரிப்பு விருந்தாளிக்கு, அதை வளர்த்துக் கொடுத்தவர் நடத்துநர். கொன்சாலெஸ் பின்னர் ஜான் வேய்னின் படங்களில் நடித்தார்.

இதற்கு வலுவான மறுப்பு ஒன்று உண்டு: அந்த உடனடித்தன்மை ஒப்பனை. போட்டியாளர்களைக் குழுவினர் முன்னரே பேட்டி கண்டனர். எழுத்தாளர்கள் தயாரித்த வரிகள் பார்வையாளர் காணாதபடி க்ரௌச்சோவுக்குத் திரையிடப்பட்டன. ஏறத்தாழ ஒரு மணிநேரம் பதிவு செய்ததை அரைமணிக்குச் சுருக்கினர். இவை யாவும் உண்மை. எழுத்தாளர்களின் பணி வெளிப்படையாகச் சொல்லப்படாததும் குறையே. ஆயினும் க்ரௌச்சோ பதிவுக்கு முன் போட்டியாளர்களைச் சந்திப்பதில்லை. கேள்வியைத் தயார் செய்யலாம். அந்நியர் ஒருவர் எந்த நொடியில் தயங்குவார், எங்கே திருப்பி அடிப்பார் என்பதைத் தயார் செய்ய இயலாது. ஒரே நேரத்தில் பல கேமராக்களை ஓடவிட்டதும் யாருடைய முகமாற்றமும் தப்பிவிடக் கூடாது என்பதற்காகவே.

'ட்வென்டி ஒன்' நிகழ்ச்சியோடு ஒப்பிட்டால் வேறுபாடு தெளிவாகும். அங்கே 129,000 டாலர் வென்ற சார்லஸ் வான் டோரன், விடைகள் தமக்கு முன்பே தரப்பட்டதாக 1959இல் நாடாளுமன்றக் குழுவின் முன் ஒப்புக்கொண்டார். அந்நிகழ்ச்சி அறிவுப் போட்டி என்றே தன்னைக் காட்டிக்கொண்டது. எனவே முன்தயாரிப்பு அதன் உயிரைப் பறித்தது. க்ரௌச்சோவின் நிகழ்ச்சியில் முன்தயாரிப்பு உரையாடலுக்கான விறகு மட்டுமே.

கெட்டிக்காரரை வியக்க வைப்பதைவிட எளியவரின் பேச்சைக் கேட்க வைப்பது கடினமான கலை. அதைப் பத்தாண்டுகளுக்கு மேல் வாரந்தோறும் செய்துகாட்டிய 'யூ பெட் யுவர் லைஃப்', 'டக் சூப்'புக்குப் பின்குறிப்பு அன்று. அதனோடு சரிசமமாக வைத்து ஆராய வேண்டிய படைப்பு.