முதல் மணி நேரத்தில் பேசுங்கள்: சைபர் குற்றமும் காவல்துறையின் பணியும்

2004 பிப்ரவரியில் சென்னையில் ஒரு பெண் காவல்துறையிடம் புகார் கொடுத்தார். யாரோ அவருடைய பெயரில் போலியான மின்னஞ்சல் கணக்கு ஒன்றைத் திறந்திருந்தார்கள். யாஹூ குழு ஒன்றில் அவரைப் பற்றி ஆபாசமான செய்திகளும் பதிவிடப்பட்டிருந்தன. அவற்றைப் படித்த முன்பின் தெரியாத ஆண்கள் அவரைத் தொலைபேசியில் அழைத்துத் தொல்லை கொடுத்தார்கள். அவர் விவாகரத்தானவர். இப்படிப்பட்ட நிலையில் இருக்கும் பெண்கள் பெரும்பாலும் ஊர் வாய்க்குப் பயந்து தொலைபேசி எண்ணை மாற்றிக்கொண்டு ஒதுங்கிவிடுவார்கள். அவர் அப்படி ஒதுங்காமல் காவல்துறையிடம் போனார்.

தகவல் தொழில்நுட்பச் சட்டம் 2000 அக்டோபர் 17 அன்றுதான் நடைமுறைக்கு வந்திருந்தது. இணையக் குற்றத்தை எப்படி விசாரிப்பது என்பது நாடு முழுவதும் காவல்துறைக்கே புதிய பாடமாக இருந்த நேரம் அது. அப்போது சென்னை மாநகரக் காவல்துறையின் சைபர் குற்றப் பிரிவில் உதவி ஆணையராக இருந்தவர் எஸ். பாலு. புகார் வந்த சில நாட்களிலேயே அப்பிரிவு குற்றவாளியை மும்பையில் கண்டுபிடித்துக் கைது செய்தது. அவர் அந்தப் பெண்ணின் குடும்பத்துக்கு நன்கு அறிமுகமானவர். அவரை மணமுடிக்க விரும்பி, அது நடக்காத ஆத்திரத்தில் இதைச் செய்திருந்தார்.

ஒரு தீர்ப்பு கற்றுத் தந்தது

2004 மார்ச் 24 அன்று எழும்பூர் நீதிமன்றத்தில் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்யப்பட்டது. 18 சாட்சிகளும் 34 ஆவணங்களும் பொருட்களும் அதில் பட்டியலிடப்பட்டிருந்தன. புகார் கொடுத்தவரே அந்தச் செய்திகளை அனுப்பியிருக்கலாம், அல்லது அவருடைய முன்னாள் கணவர் அனுப்பியிருக்கலாம் என்று எதிர்த்தரப்பு வாதிட்டது. கணினியிலிருந்து எடுத்த ஆவணங்கள் சாட்சியமாகச் செல்லாது என்றும் சொன்னது. பிரவுசிங் சென்டர் உரிமையாளர்களின் சாட்சியமும், மின்னணு ஆவணத்துக்கு இந்திய சாட்சியச் சட்டத்தின் 65பி பிரிவின்படி நிபுணர் அளித்த சான்றும் அந்த வாதத்தை முறியடித்தன.

2004 நவம்பர் 5 அன்று தீர்ப்பு வந்தது. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 67ஆம் பிரிவில் 2 ஆண்டு கடுங்காவலும் 4,000 ரூபாய் அபராதமும் விதிக்கப்பட்டன. இந்திய தண்டனைச் சட்டப் பிரிவுகளின் கீழும் தண்டனை உண்டு. 67ஆம் பிரிவின் கீழ் இந்தியாவில் கிடைத்த முதல் தண்டனையாக இது கருதப்படுகிறது. விசாரணை அதிகாரியின் நுணுக்கமான பணியால்தான் உண்மைக் குற்றவாளி நீதிமன்றத்துக்கு வந்தார் என்று தீர்ப்பே பாராட்டியது. குற்றப்பத்திரிகையிலிருந்து தீர்ப்பு வரை ஏழரை மாதம்கூட ஆகவில்லை.

பாராட்டு அதிகாரிக்கு உரியதுதான். ஆனால் அந்த அதிகாரி ஓர் அடி எடுத்து வைப்பதற்கு முன்பே முதல் அடியை எடுத்து வைத்தவர் புகார் கொடுத்த பெண். அவர் மௌனமாக இருந்திருந்தால் வழக்கே இல்லை. இணையக் குற்றத்தின் தன்மையை இந்த ஒரு வழக்கிலிருந்தே புரிந்துகொள்ளலாம். திருடன் வீட்டுப் பூட்டை உடைத்தால் அக்கம்பக்கத்தார் பார்ப்பார்கள். கைபேசிக்குள் நடக்கும் குற்றமோ பாதிக்கப்பட்டவருக்கு மட்டுமே தெரியும். அவர் வாய் திறக்கும்வரை எந்தக் காவலருக்கும் வேலை இல்லை.

வெட்கப்பட வேண்டியவர் யார்?

2021 ஜூலையில் முஸ்லிம் பெண்களின் படங்களை எடுத்து, அவர்களை ஏலம் விடுவதுபோல் ஒரு செயலி இணையத்தில் வந்தது. காவல்துறை வழக்குப் பதிந்தும் ஆறு மாதங்கள் யாரும் கைதாகவில்லை. 2022 ஜனவரி 1 அன்று அதேபோல் 'புல்லி பாய்' என்ற இன்னொரு செயலி வந்தது. பத்திரிகையாளர்கள் உட்பட நூற்றுக்கும் மேற்பட்ட முஸ்லிம் பெண்களின் படங்கள் அதில் இருந்தன. இந்தமுறை மும்பையில் பாதிக்கப்பட்ட ஒருவர் உடனே புகார் கொடுத்தார். ரஷ்மி கரந்திகர் துணை ஆணையராக இருந்த மும்பை சைபர் பிரிவு சில நாட்களிலேயே பெங்களூருவில் ஒரு மாணவரைப் பிடித்தது. தொடர்ந்து உத்தராகண்டிலும் கைதுகள் நடந்தன. டெல்லி காவல்துறை அசாமில் ஒருவரைக் கைது செய்தது. முந்தைய செயலியின் வழக்கிலும் அதன்பிறகே கைது நடந்தது. முகம் தெரியாது என்ற தைரியத்தில் செய்தவர்களின் முகங்கள், புகாரும் விரைவான விசாரணையும் சேர்ந்தபோது வெளியே வந்தன.

படத்தை மார்பிங் செய்து மிரட்டுவது, நம்பி அனுப்பிய படத்தை வைத்துப் பணம் கேட்பது போன்றவை இன்று சிற்றூர்களிலும் நடக்கின்றன. பாதிக்கப்பட்ட பெண்ணிடம் "நீ ஏன் படம் அனுப்பினாய்?" என்று வீட்டார் முதலில் கேட்டுவிட்டால் அவள் அடுத்த வார்த்தை பேசமாட்டாள். மிரட்டுபவன் எதிர்பார்ப்பதும் அதைத்தான். மிரட்டலுக்குப் பணிந்து ஒருமுறை பணம் கொடுத்தால் அது நிற்காது.

இதற்கு வழிகள் உள்ளன. பெண்கள், குழந்தைகள் தொடர்பான குற்றங்களைத் தேசிய சைபர் குற்றப் புகார் தளத்தில் பெயர் சொல்லாமலே தெரிவிக்கலாம். அந்தரங்கப் படம் பற்றிப் பாதிக்கப்பட்டவர் முறையிட்டால், சமூக ஊடக நிறுவனம் 24 மணி நேரத்துக்குள் அதை நீக்க நடவடிக்கை எடுக்க வேண்டும் என்று 2021-இல் வந்த விதி சொன்னது. படத்தை வெளியே அனுப்பாமலே, அதன் எண்முறை அடையாளத்தை மட்டும் கொடுத்துப் பரவலைத் தடுக்க 'ஸ்டாப் என்சிஐஐ' என்ற சேவை இருக்கிறது. 18 வயதுக்கு உட்பட்டவர்களுக்கு 'டேக் இட் டவுன்' என்ற சேவை உண்டு. இரண்டுமே இலவசம்.

1930 எப்படி வேலை செய்கிறது?

மானத்தைக் குறிவைக்கும் குற்றத்தைப் போலவே பணத்தைக் குறிவைக்கும் குற்றமும் மௌனத்தில்தான் வளர்கிறது. 2023-இல் இந்தியர்கள் சைபர் மோசடிகளில் இழந்ததாகப் புகார்களில் பதிவான தொகை சுமார் 7,465 கோடி ரூபாய். 2024-இல் அது சுமார் 22,845 கோடியாக உயர்ந்தது. ஒரே ஆண்டில் மூன்று மடங்கு.

இதைத் தடுக்க மத்திய உள்துறையின் கீழ் இந்திய சைபர் குற்ற ஒருங்கிணைப்பு மையம் இயங்குகிறது. 2021-இல் 155260 என்ற உதவி எண் தொடங்கப்பட்டது. பிறகு அது 1930 என்று மாற்றப்பட்டது. இந்த எண்ணை அழைத்ததும் எந்தக் கணக்கிலிருந்து, எப்போது, எவ்வளவு போனது, பரிவர்த்தனை எண் என்ன என்று கேட்பார்கள். அந்த விவரம் பணம் போய்ச் சேர்ந்த வங்கிக்கு உடனே செல்லும். பணம் அங்கேயே இருந்தால் வங்கி அதை முடக்கி வைக்கும். வேறு வங்கிக்கு மாற்றப்பட்டிருந்தால் தகவல் அந்த வங்கிக்குப் போகும். இப்படி ஒவ்வொரு கணக்காகப் பணத்தைத் துரத்துவார்கள். முடக்கப்பட்ட தொகை பின்னர் உரிய நடைமுறையின் வழியாக உரியவருக்குத் திரும்பக் கிடைக்கும்.

இது ஓர் ஓட்டப்பந்தயம். மோசடிக்காரன் பணத்தைப் பல கணக்குகளுக்குப் பிரித்து, ஏடிஎம்மில் எடுத்துவிட்டாலோ கிரிப்டோ நாணயமாக மாற்றிவிட்டாலோ துரத்துவதற்கு ஒன்றும் இருக்காது. எனவேதான் முதல் ஒரு மணி நேரத்தைப் பொன்னான நேரம் என்கிறார்கள். "மகன் வரட்டும், கேட்டுக்கொண்டு செய்வோம்" என்று மாலைவரை காத்திருப்பவர் இழப்பது அந்த நேரத்தைத்தான்.

ரிசர்வ் வங்கி 2017 ஜூலை 6 அன்று வெளியிட்ட சுற்றறிக்கையும் இதையே சொல்கிறது. வங்கியின் மீதோ வாடிக்கையாளர் மீதோ தவறில்லாமல் வேறெங்கோ ஏற்பட்ட ஓட்டையால் பணம் போயிருந்தால், தகவல் கிடைத்த 3 வேலை நாட்களுக்குள் வங்கிக்குத் தெரிவிப்பவருக்கு எந்த இழப்பும் இல்லை. ஓடிபியைச் சொல்லிவிட்டதுபோல் தம்முடைய கவனக்குறைவால் பணம் போயிருந்தால், வங்கிக்குத் தெரிவிக்கும்வரை ஏற்படும் இழப்பு அவருடையது. தெரிவித்த பிறகு ஏற்படும் இழப்பு வங்கியுடையது. ஆகவே ஏமாந்துவிட்டோமே என்று கூசுபவரும் உடனே சொல்வதே நல்லது.

கணக்கை இரவல் கொடுப்பவர்கள்

திருடிய பணத்தை வாங்கிக்கொள்ள மோசடிக்காரனுக்கு வங்கிக் கணக்குகள் தேவை. அவற்றைத் தன் பெயரில் அவன் திறப்பதில்லை. "உன் கணக்கையும் சிம் கார்டையும் கொடு, மாதம் இவ்வளவு தருகிறேன்" என்று வேலையில்லாத இளைஞர்களையும் கல்லூரி மாணவர்களையும் அணுகுகிறான். காவல்துறை வரும்போது அவன் கிடைக்கமாட்டான். கணக்கு யார் பெயரில் இருக்கிறதோ அவரே முதலில் பிடிபடுவார்.

தமிழ்நாடு காவல்துறையின் சைபர் குற்றப் பிரிவு 2024 டிசம்பரில் 'திரைநீக்கு' என்ற பெயரில் நடத்திய சிறப்பு நடவடிக்கையில் 76 பேர் கைதானார்கள். 2025 ஜூனில் நடந்த இரண்டாம் கட்டத்தில் 136 பேர் கைதானார்கள். இப்படிக் கணக்குகளைக் கொடுத்தவர்களும் அவர்களில் இருந்தார்கள். சில ஆயிரம் ரூபாய்க்காகக் கணக்கைக் கொடுத்தவரின் மீது விழும் வழக்கு, கடவுச்சீட்டு வாங்கும்போதும் அரசு வேலைக்கு விண்ணப்பிக்கும்போதும் எதிரே வந்து நிற்கும். வங்கிக் கணக்கு நம் பெயரில் உள்ள அமானிதம். அதை இரவல் கொடுக்கக் கூடாது என்பதைப் பிள்ளைகளுக்கு வீட்டிலேயே சொல்லித் தர வேண்டும்.

இன்னும் கொடுமையான பக்கமும் உண்டு. கணினி வேலை, கைநிறையச் சம்பளம் என்று தாய்லாந்துக்கு அழைத்துச் சென்று, அங்கிருந்து எல்லை தாண்டி மியான்மருக்குக் கடத்தி, மோசடி செய்யும் வேலையில் இளைஞர்களை அடைத்து வைக்கிறார்கள். மறுத்தவர்களை அடித்திருக்கிறார்கள். அங்கிருந்து மீட்கப்பட்ட 13 தமிழர்கள் 2022 அக்டோபரில் சென்னை வந்து சேர்ந்தார்கள். 2025 மார்ச்சில் ஐந்நூறுக்கும் மேற்பட்ட இந்தியர்கள் விமானப்படை விமானங்களில் அழைத்துவரப்பட்டார்கள். நம்மிடம் தொலைபேசியில் பொய் பேசுபவர்களில் சிலர் இப்படிச் சிறைப்பட்டவர்களாகவும் இருக்கக்கூடும். வெளிநாட்டு வேலை என்றால், அந்த முகவர் இந்திய அரசில் பதிவு பெற்றவரா என்று 'இமைகிரேட்' தளத்தில் பார்த்த பிறகே பணமும் கடவுச்சீட்டும் கொடுக்க வேண்டும்.

காவலர் ஆசிரியராகும்போது

பிடிப்பது பாதி வேலை, கற்பிப்பது மீதி வேலை என்பதை சைபர் பிரிவு அதிகாரிகள் அனுபவத்தில் அறிந்தவர்கள். அதனால்தான் பள்ளிகளுக்கும் கல்லூரிகளுக்கும் அவர்களே நேரில் வந்து பேசுகிறார்கள். கல்வி நிலையங்களில் மாதத்தின் முதல் புதன்கிழமையை சைபர் விழிப்புணர்வு நாளாகக் கடைப்பிடிக்கும் ஏற்பாடும் 2021 அக்டோபரில் தொடங்கியது. அவர்கள் திரும்பத் திரும்பச் சொல்வது சில செய்திகளைத்தான்.

- பணம் பெறுவதற்கு யுபிஐ பின் எண் தேவையே இல்லை. பின் எண் கேட்டால் பணம் உங்களிடமிருந்து போகப் போகிறது என்று பொருள்.
- 'டிஜிட்டல் கைது' என்று இந்தியச் சட்டத்தில் எதுவும் இல்லை. சிபிஐ, சுங்கத்துறை, நீதிபதி என்று வீடியோவில் யார் வந்து மிரட்டினாலும் அழைப்பைத் துண்டித்துவிட்டு வீட்டாரிடம் சொல்லுங்கள்.
- திருமண அழைப்பிதழ், வாகன அபராதம், அரசு உதவித்தொகை என்று வாட்ஸ்அப்பில் வரும் ஏபிகே கோப்பைத் திறக்காதீர்கள். அது கைபேசிக்குள் புகுந்து ஓடிபியைப் படித்துவிடும்.
- உம்ரா சலுகை, ரமளான் உதவி என்று வரும் கியூஆர் குறியீட்டுக்குப் பணம் அனுப்பும் முன், அந்த அமைப்பை உங்களுக்கு ஏற்கெனவே தெரிந்த எண்ணில் அழைத்து உறுதி செய்யுங்கள்.
- ஏமாந்துவிட்டால் செய்திகளை அழிக்காதீர்கள். ஸ்கிரீன்ஷாட், பரிவர்த்தனை எண், அழைத்தவரின் எண் ஆகியவைதான் சாட்சியம். 65பி பிரிவுக்குப் பதிலாக 2024 ஜூலை 1 முதல் பாரதிய சாட்சிய சட்டத்தின் 63ஆம் பிரிவு வந்துவிட்டது. சாட்சியத்தைப் பாதுகாக்க வேண்டிய தேவை மட்டும் மாறவில்லை.

எல்லை ஊரில் எங்கே போவது?

பள்ளிப்பட்டு போன்ற எல்லை ஊர்களில் ஒரு குழப்பம் உண்டு. வங்கிக் கணக்கு நகரியில், சிம் கார்டு திருத்தணியில், ஏமாற்றியவன் வட இந்தியாவில் என்றால் எந்தக் காவல் நிலையத்துக்குப் போவது? பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 173ஆம் பிரிவின்படி, குற்றம் எங்கே நடந்திருந்தாலும் எந்தக் காவல் நிலையத்திலும் தகவல் கொடுக்கலாம். 1930-க்கு மாநில எல்லை கிடையாது. தமிழ்நாட்டில் மாவட்டந்தோறும் சைபர் குற்றக் காவல் நிலையம் உண்டு. தகவல் தொழில்நுட்பச் சட்டக் குற்றங்களை ஆய்வாளர் நிலையிலிருந்து விசாரிக்கலாம். 2004-இல் அதற்குத் துணைக் கண்காணிப்பாளர் அல்லது உதவி ஆணையர் நிலை அதிகாரி வேண்டியிருந்தது. 2008-இல் செய்யப்பட்ட சட்டத்திருத்தம் அதை எளிதாக்கியது.

சட்டமும் எண்ணும் அதிகாரியும் தயாராக இருக்கிறார்கள். எஞ்சியிருப்பது நம் பங்கு. ஜும்ஆ முடிந்தபின் பத்து நிமிடம் சைபர் பிரிவு அதிகாரி ஒருவரைப் பேசச் சொல்வது எந்த ஜமாஅத்துக்கும் கடினமான காரியமல்ல. பெண்கள் மதரஸாவிலும் அதே ஏற்பாட்டைச் செய்யலாம், பெண் காவலர் ஒருவரை அழைத்தால் இன்னும் நல்லது. தறி ஓட்டுபவர், கடை வைத்திருப்பவர், வளைகுடாவில் மகனை விட்டுவிட்டுத் தனியே இருக்கும் தாய் ஆகியோரின் கைபேசிகளில் 1930 என்ற எண்ணை இன்றே பதிந்து கொடுங்கள். அதோடு, "பணம் போனாலும் படம் போனாலும் முதலில் என்னிடம் சொல், நான் திட்டமாட்டேன்" என்று வீட்டுப் பிள்ளைகளிடம் ஒருமுறை சொல்லி வையுங்கள். அந்த உறுதி இருக்கும் வீட்டிலிருந்து புகார் தாமதமாக வராது.